ஐம்பதை நெருங்குறப்போ

எங்க செக்‌ஷன்ல ஒரு அண்ணனை நேத்து வேலையை விட்டு நிறுத்திட்டாங்க.
ஐம்பதைத் தாண்டினவர்.

டிராயரைக் காலி பண்ணிட்டு இருந்தார். பிரஷர் மாத்திரை அட்டை, மூடி நெளிஞ்ச டிபன் டப்பா, பொண்ணோட காலேஜ் ஃபீஸ் ரசீது.
"பாத்துக்கோடா தம்பி"ன்னு மட்டும் சொன்னார்.

ராத்திரி தூக்கம் வரல. பிஎஃப் பாஸ்புக்கைத் திறந்தேன்.

பென்ஷன் கணக்கு இதுதான். சம்பளத்தை சர்வீஸ் வருஷத்தால பெருக்கி 70ஆல வகுக்கணும். ஆனா அந்தச் சம்பளத்துக்கு 2014ல வச்ச உச்சவரம்பு 15,000. கைக்கு எவ்வளவு வந்தாலும் நம்மள்ல பெரும்பாலானவங்களுக்கு கணக்கு அதுலதான். 35 வருஷம் முழுசா போட்டாலும் மாசம் 7,500. அதுவும் 58 வயசுல. (50லேயே வாங்கலாம். முந்துற ஒவ்வொரு வருஷத்துக்கும் 4 சதவீதம் குறையும்.)

எங்கப்பா வாத்தியார். அவர் போன பிறகும் அம்மாவுக்கு குடும்ப பென்ஷன் மாசாமாசம் வருது. அந்த நிம்மதி எங்க தலைமுறைல நிறைய பேருக்கு வாய்க்கல.

கவலைல பணம் பாதிதான்.
பையன் பிளஸ் டூ. அம்மாவுக்கு கண் ஆபரேஷன். ரெண்டு பக்கமும் நம்மளையே பாக்குறாங்க. பயமா இருக்குன்னு யார்கிட்ட சொல்றது?

காலைல வீட்டுக்காரியை உக்கார வச்சு எல்லா நம்பரையும் காட்டினேன். "இதைத் தனியாவா சுமந்தீங்க?"ன்னா. கொஞ்சம் மூச்சு வந்துச்சு.

இப்போ அந்த அண்ணனுக்கு போன் பண்ணணும்.
இப்படி வேலை போய் அதைக் கடந்தவங்க சொல்லுங்க, அன்னைக்கு யார் என்ன சொன்னது உங்களுக்கு உதவுச்சு?