டேவிஸ் ஊரின் பரட்டைக் கீரை

அமெரிக்கா என்றதும் நம் கண் முன்னால் வருபவை வானத்தை முட்டும் கட்டடங்களும், பறக்கும் கார்களும்தான். நானும் அப்படித்தான் எண்ணிக்கொண்டு 2023 டிசம்பரில் விமானம் ஏறினேன். ஆனால் அக்கா குடியிருக்கும் டேவிஸ் என்ற ஊரில் நான் கண்டது என்ன தெரியுமா? சைக்கிள்கள்! கல்லூரிப் பெண்கள், தலை நரைத்த பேராசிரியர்கள், குழந்தையைப் பின்னால் உட்கார வைத்துக்கொண்ட தாய்மார்கள், எல்லோரும் சைக்கிளில்தான் போகிறார்கள். இந்நாட்டில் சைக்கிளுக்கென்று சாலையில் தனிப் பாதை முதன்முதலாகப் போட்டது இந்த ஊரில்தானாம், 1967இல். போதாததற்கு லண்டனிலிருந்து வாங்கி வந்த சிவப்பு மாடி பஸ்களும் ஓடுகின்றன. அவற்றை ஓட்டுகிறவர்கள் பல்கலைக்கழக மாணவர்களேதான்.

கலிபோர்னியா மாநிலத்தில், சான்பிரான்சிஸ்கோவிலிருந்து சுமார் 115 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது டேவிஸ். பல்கலைக்கழகத்தைத் தாண்டினால் சுற்றிலும் வயல்கள், பாதாம், வால்நட் தோப்புகள். குளிர்காலத்தில் காலை வேளையில் மூடுபனி இறங்கினால் எதிர் வீடே தெரியாது. 'டூலி பனி' என்று அதற்கு ஒரு பெயர். பள்ளத்தாக்கின் சதுப்பு நிலத்தில் வளரும் கோரையின் பெயராம் அது. மார்கழி மாதத்தில் நம் ஊர் வயல்வெளியைப் பார்த்த மாதிரி இருந்தது. கோலமும் பஜனையும்தான் இல்லை.

போன மறுநாளே அக்கா வீட்டுச் சாவியையும் அடுப்பங்கரையையும் என்னிடம் ஒப்படைத்துவிட்டாள். அவள் காலை ஏழு மணிக்கு வேலைக்குப் போனால் திரும்ப மாலை ஆறாகும். அத்தானுக்கு இரண்டு வருஷத்துக்கு முன் இருதயத்தில் வால்வு மாற்றி ஆபரேஷன் நடந்தது. அதிலிருந்து வீட்டில் இருந்தபடியே வேலை பார்க்கிறார்.

"மத்தியானச் சாப்பாடு உன் பொறுப்பு. உப்பு கம்மியா போடு. கீரை மட்டும் அளவா சமை, அவர் மாத்திரை சாப்பிடறார்" என்று அக்கா செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாள். நானும் தலையை ஆட்டினேன். அந்தத் தலையாட்டலுக்கு எவ்வளவு விலை கொடுக்கப் போகிறேன் என்று அப்போது எனக்குத் தெரியாது.

சனிக்கிழமை வந்தது. டேவிஸில் சனிக்கிழமை என்றால் சந்தைதான். ஊர் நடுவே உள்ள பூங்காவில், நீளமாகக் கூரை போட்ட கொட்டகையின் கீழ், விளைவித்தவர்களே கொண்டு வந்து விற்கிறார்கள். 1976இல் தொடங்கிய சந்தை. மழையோ பனியோ, வருஷம் முழுவதும் நடக்கிறது. கமலா ஆரஞ்சு, மாதுளை, பாதாம், வால்நட், மண் ஒட்டிய காரட் என்று அடுக்கி வைத்திருந்தார்கள். அவற்றுக்கு நடுவே கட்டுக் கட்டாக ஒரு கீரை. இலையின் ஓரமெல்லாம் சுருண்டு, எண்ணெய் காணாத தலைமுடி மாதிரி பரட்டையாக இருந்தது. பெயர் 'கேல்'. தமிழில் இதற்குப் பரட்டைக்கீரை என்றே பெயர் வைத்திருக்கிறார்கள். வைத்தவர் வாய்க்குச் சர்க்கரைதான் போட வேண்டும்!

முட்டைக்கோஸ், காலிஃபிளவர் இவற்றுக்கெல்லாம் உடன்பிறப்பு இந்தக் கேல். உருண்டை கட்டாத கோஸ் என்று வைத்துக்கொள்ளுங்களேன். அதில் பல ஜாதி உண்டு. சுருள் இலை ஒன்று. செந்தண்டு உள்ள ரஷ்யக் கேல் ஒன்று. நீண்டு, கறுத்து, முதலைத்தோல் போலச் சொரசொரப்பாக இருக்கும் இத்தாலிய வகை ஒன்று. கடைசியாகச் சொன்னதை இங்கே 'டைனோசர் கேல்' என்கிறார்கள். பனி விழுந்த பிறகு பறித்த கேல்தான் ருசி. குளிரைத் தாங்குவதற்காகச் செடி தன் மாவுச்சத்தைச் சர்க்கரையாக மாற்றிக்கொள்கிறது. ஆகவே இனிப்பு கூடும்.

ஒரு கட்டு மூன்று டாலர் என்றார் விற்றவர். மனசுக்குள் கணக்குப் போட்டேன். 250 ரூபாய்! கீரைக்கட்டுக்கு 250 ரூபாயா என்று மயக்கம் வந்தது. ஆனாலும் பார்த்த கண் விடவில்லை. இரண்டு கட்டு வாங்கிவிட்டேன்.

வீட்டுக்கு வந்து ஒரு இலையைக் கிள்ளி வாயில் போட்டால், அப்பப்பா, தோலை மெல்லுவது போல இருந்தது. கசப்பு வேறு. நான் முகம் சுளித்ததை வேலிக்கு அப்பாலிருந்து பக்கத்து வீட்டு அம்மாள் பார்த்துவிட்டார். எழுபது வயதிருக்கும், தோட்டமே கதியென்று இருப்பவர். "அதற்கு நீங்கள் மசாஜ் செய்ய வேண்டும்" என்றார். என் பள்ளிக்கூட இங்கிலீஷில் தவறாகப் புரிந்துகொண்டேனோ என்று மறுபடியும் கேட்டேன். "ஆமாம், கீரைக்குத்தான்!" என்று சிரித்துக்கொண்டே எங்கள் அடுப்பங்கரைக்கே வந்துவிட்டார்.

அவர் செய்து காட்டியதைப் பார்த்ததும் எனக்கும் சிரிப்பு வந்தது. நடுத்தண்டை உருவிப் போட்டுவிட்டு இலையை மெல்லியதாக நறுக்கினார். உப்பு, எலுமிச்சைச் சாறு, ஆலிவ் எண்ணெய் விட்டு, இரண்டு கையாலும் நன்றாகப் பிசைந்து வைத்தார். அடடா, பாகற்காயை உப்புப் போட்டுப் பிசிறி வைப்போமே, அதுதானே இது! இதற்கா இத்தனை பெரிய பெயர்?

பிசையும்போது இலையின் நார் உடைகிறது. உப்பு நீரை இழுக்கிறது, புளிப்பு இலையை இளக்குகிறது. மூன்றே நிமிஷத்தில் முரட்டு இலை பட்டுப் போலத் துவண்டுவிட்டது. வெளிறிய பச்சை ஆழ்ந்த பச்சையாயிற்று. பாத்திரம் நிறைய இருந்தது பாதியாகச் சுருங்கிப் போயிற்று. இதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு சொல்கிறேன்.

எலுமிச்சை அந்த அம்மாளின் தோட்டத்தில் காய்த்தது. மேயர் எலுமிச்சை என்று பெயர். ஃபிராங்க் மேயர் என்பவர் 1908இல் சீனாவிலிருந்து அமெரிக்காவுக்குக் கொண்டு வந்தாராம். தோல் மெல்லிசு, புளிப்பு குறைவு, ஆரஞ்சு வாசனை. எண்ணெய்க்கும் ஒரு கதை உண்டு. பல்கலைக்கழகச் சாலைகளில் பழைய ஆலிவ் மரங்கள் வரிசையாக நிற்கின்றன. பழம் உதிர்ந்து, சைக்கிளில் போகிறவர்கள் அதில் வழுக்கி விழுந்து அடிபட்டார்களாம். வீணாகப் போகும் பழத்தைப் பறித்து எண்ணெய் ஆட்டினால் என்ன என்று ஒரு யோசனை பிறந்தது. 2005 வாக்கில் ஆரம்பித்து, இன்று பல்கலைக்கழகமே தன் பெயரில் ஆலிவ் எண்ணெய் விற்கிறது. இதைக் கேட்டு நான் ஆசையாக மரத்தடியில் ஒரு பழத்தை எடுத்துக் கடித்து, அரை மணி நேரம் வாய் கொப்பளித்தது தனிக் கதை. ஆலிவையும் வாரக்கணக்கில் உப்புநீரில் ஊற வைத்தால்தான் கசப்பு போகுமாம்.

அன்று மத்தியானம் அந்தச் சாலட்டை அத்தானுக்கு வைத்தேன். "பிரமாதம்!" என்றார். எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. கேலில் வைட்டமின் சத்துகள் ஏராளம், உடம்புக்கு நல்லது என்று பக்கத்து வீட்டு அம்மாளும் சொல்லியிருந்தார். விடுவேனா? மறுநாள் மாதுளை முத்து போட்டு, அதற்கு மறுநாள் கமலா சுளை போட்டு, பிறகு வால்நட்டை வறுத்துப் போட்டு என்று பத்து நாள் விடாமல் செய்தேன். ஒரு கட்டுக் கீரையில் பெரும்பங்கு அவர் தட்டுக்கே போயிற்று. சுருங்கிப் போனதால் பார்வைக்குக் கொஞ்சமாகத்தான் தெரிந்தது.

பதினோராவது நாள் அத்தான் வழக்கம்போல் ரத்தப் பரிசோதனைக்குப் போனார். வால்வில் ரத்தம் கட்டிக்கொள்ளாமல் இருக்க வார்ஃபரின் என்ற மாத்திரை சாப்பிடுகிறார். ரத்தம் சரியான பதத்தில் இருக்கிறதா என்று அவ்வப்போது பார்க்க வேண்டும். அவருக்கு மருத்துவர் வகுத்த அளவு 2.5க்கும் 3.5க்கும் இடையில். அன்று வந்ததோ 1.8.

மாலையில் நர்ஸ் போன் செய்தார். "மாத்திரை தவறவிட்டீர்களா?" இல்லை. "புது மருந்து ஏதாவது?" இல்லை. "சாப்பாட்டில் மாற்றம் உண்டா?"

அத்தான் என்னைத் திரும்பிப் பார்த்தார். எனக்கு வயிற்றைப் பிசைந்தது.

அப்போதுதான் விஷயம் விளங்கியது. கேலில் வைட்டமின் 'கே' மிகுதி. 100 கிராம் பச்சைக் கேலில், ஓர் ஆணுக்கு ஒரு நாள் வேண்டியதைப் போல் மூன்று மடங்குக்கும் மேலே இருக்கிறது. ரத்தம் உறைவதற்கு வேண்டிய பொருள்களைக் கல்லீரல் தயாரிப்பதற்கு இந்தச் சத்துதான் துணை. அந்த வேலையை மட்டுப்படுத்தத்தான் மாத்திரை. ஒரு கையால் மாத்திரையையும் மறு கையால் கேலையும் கொடுத்தால் என்ன ஆகும்? வால்வில் ரத்தக்கட்டி உண்டாகி, அது மூளைக்குப் போனால் பக்கவாதம் வரக்கூடும் என்று அக்கா சொன்னபோது எனக்கு உடம்பெல்லாம் நடுங்கியது.

"அளவா சமைன்னு சொன்னேனேடி!" என்றாள்.

"கீரைன்னுதானே அக்கா சொன்னே. இது சாலட்டுன்னு நினைச்சுட்டேன்" என்று அழுதேன். மசியலும் பொரியலும்தான் கீரை என்று என் மண்டையில் பதிந்திருந்தது. பச்சையாகத் தின்றாலும் கீரை கீரைதானே! அந்த அறிவு எனக்கு இல்லை.

அக்கா ராத்திரி என் பக்கத்தில் வந்து படுத்துக்கொண்டாள். "நானும் உனக்குக் காரணத்தைச் சொல்லியிருக்கணும். செருப்பை மாட்டிண்டு சொல்ற விஷயமா அது?" என்றாள். அதற்குப் பிறகுதான் எனக்குத் தூக்கம் வந்தது.

மருத்துவர் சில நாளைக்கு மாத்திரை அளவைச் சற்று மாற்றி, ஒரு வாரத்தில் மறுபடி பரிசோதனை செய்யச் சொன்னார். அந்த ஒரு வாரமும் நான் வேண்டாத தெய்வம் இல்லை. மறு பரிசோதனையில் 2.6 வந்தது. நான் இனிமேல் கேலைக் கண்ணாலும் பார்ப்பதில்லை என்று சபதம் எடுத்திருந்தேன். ஆனால் நர்ஸ் சொன்னது வேறு. "நிறுத்த வேண்டாம். திடீரென்று கூட்டுவதும் தப்பு, திடீரென்று குறைப்பதும் தப்பு. வாரா வாரம் ஒரே அளவாகச் சாப்பிடுங்கள். அதை எங்களிடம் சொல்லிவிடுங்கள்; அதற்கேற்ப மாத்திரையை அமைத்துக்கொள்வோம்" என்றார். அன்றிலிருந்து செவ்வாயும் வெள்ளியும், நறுக்கிய பச்சை இலையாகவே ஒரு கப் அளந்து, பிறகுதான் பிசைவேன். சுருங்கிய பிறகு அளந்தால் கணக்குத் தப்பிவிடும்.

ஊருக்குத் திரும்பியதும் விசாரித்துப் பார்த்தேன். எங்கள் தெருவிலேயே இரண்டு பேர் ஆசிட்ரோம் சாப்பிடுகிறார்கள். அதுவும் வார்ஃபரின் வகைதான். முருங்கைக்கீரை, பசலைக்கீரைக்கும் இதே சங்கதி பொருந்தும். ரத்தம் உறையாமல் தடுக்கும் எல்லா மாத்திரைகளுக்கும் இந்த விதி கிடையாது. உங்கள் வீட்டில் யாராவது சாப்பிட்டால் எது என்று மருத்துவரைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். மாத்திரையை மட்டும் நாமாகக் கூட்டவோ குறைக்கவோ கூடாது.

மற்றவர்கள் பயமில்லாமல் செய்து பார்க்கலாம். நீலகிரிப் பக்கம் விளையும் கேல் இப்போது நகரத்துப் பெரிய கடைகளில் கிடைக்கிறது. கிடைக்காதவர்கள் முட்டைக்கோஸை மெல்லியதாகச் சீவி இதே போல் பிசிறலாம்.

தேவையானவை: கேல் ஒரு கட்டு (சுமார் 250 கிராம்), உப்பு அரை டீஸ்பூன், எலுமிச்சைச் சாறு 2 டேபிள்ஸ்பூன், ஆலிவ் எண்ணெய் 2 டேபிள்ஸ்பூன் (நல்லெண்ணெயும் நன்றாகவே இருக்கிறது), நசுக்கிய பூண்டு ஒரு பல், மிளகுத்தூள், தேன் அரை டீஸ்பூன், மாதுளை முத்து ஒரு கைப்பிடி, வறுத்த வால்நட் அல்லது வேர்க்கடலை ஒரு கைப்பிடி.

செய்முறை: பச்சையாகச் சாப்பிடுவதால் இலையை நாலைந்து தண்ணீரில் அலசுங்கள். சுருளுக்குள் மண்ணும் புழுவும் ஒளிந்திருக்கும். ஈரத்தைத் துணியால் ஒற்றி, தண்டை உருவி, மெல்லியதாக நறுக்குங்கள். உப்பும் பாதி எலுமிச்சைச் சாறும் சேர்த்து மூன்று நிமிஷம் பிசையுங்கள். மீதிச் சாறு, எண்ணெய், பூண்டு, மிளகு, தேன் கலந்து ஊற்றி, அரை மணி நேரம் ஊற விடுங்கள். பரிமாறும்போது மாதுளையும் பருப்பும் தூவுங்கள். மற்ற சாலட் இலைகள் ஊறினால் அழுகினாற்போல் ஆகிவிடும். கேலோ ஃபிரிட்ஜில் வைத்தால் மறுநாள்தான் இன்னும் ருசி.

நான் கிளம்பும்போது பக்கத்து வீட்டு அம்மாள் ஒரு பை நிறைய எலுமிச்சை கொடுத்தார். விமானத்தில் கொண்டு வர முடியாதே என்று அக்கா வீட்டிலேயே வைத்துவிட்டேன். போன வெள்ளிக்கிழமை அக்கா போனில் பேசினாள். "இன்னிக்கு உன் கீரைதான். ஒரு கப் அளந்துட்டுத்தான் பிசைஞ்சேன்" என்றாள். பின்னாலிருந்து அத்தான், "அளவைச் சொன்னியே, ருசியைச் சொன்னியா?" என்று குரல் கொடுத்தார்.