கேட்டுப் பழகும் சிங்களம்

கற்பிட்டியிலிருந்து சிலாபம் வரை நீளும் இந்தப் புத்தளக் கரையில், தமிழ் பேசுபவர்களுக்குச் சிங்களம் அன்றாடத் தேவை. மீன் எடுக்க வரும் முதலாளி, பஸ் கண்டக்டர், பொலிஸில் முறைப்பாடு எழுதுகிறவர் என்று பலரிடமும் அந்த மொழியில்தான் பேச வேண்டியிருக்கிறது. 1990 அக்டோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்டு இங்கே வந்து சேர்ந்த முஸ்லிம் குடும்பங்கள் பலவற்றுக்கு இந்தத் தேவை திடீரென்று தலையில் விழுந்தது. பேச்சுச் சிங்களம் பழகுவதற்குப் பாடப்புத்தகத்தைவிட டெலி நாடகமே நல்ல வாத்தியார் என்பது என் உறுதியான எண்ணம்.

எழுத்துச் சிங்களத்தில், நம் தமிழைப் போலவே, ஆளுக்கேற்ப வினைமுடிவு மாறும். பேச்சில் அந்த விகுதிகளெல்லாம் உதிர்ந்துவிட்டன. 'மம யனவா, ஒயா யனவா, எயா யனவா' என்று நான், நீ, அவர் எல்லோருக்கும் ஒரே 'யனவா'தான். ஆனால் எங்கே போகிறாய் என்று கேட்டால் 'கொஹேத யன்னே' என்று வினை வேறு வடிவம் எடுக்கும். விதியை ஒரு நிமிடத்தில் சொல்லிவிடலாம். நாக்கில் வருவதற்குத்தான் நூறு தடவை கேட்க வேண்டும். நாடகத்தில் யாராவது வாசலைத் தாண்டினாலே யாராவது அதைக் கேட்டுவிடுகிறார்கள். 1987இல் சுயாதீனத் தொலைக்காட்சியில் தொடங்கிய 'கோப்பி கடே' முழுக்கவே ஒரு கிராமத்துக் கடையைச் சுற்றிய பேச்சு. சினிமாவில் கொஞ்சம் தேர்ந்தெடுத்துப் பார்க்க வேண்டும். முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொறொந்துவ'வை 1947இல் வெளியிட்டவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். அந்தக் காலப் படங்களில் மேடைநாடக வாடை வீசும். 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ' படத்துக்காக ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்தபிறகுதான் கிராமத்துக் குரல் கேட்கத் தொடங்கியது.

நாடகத்தில் நண்பர்கள் 'உம்ப' என்று அழைத்துக்கொள்வதைக் கேட்டு, பிரதேச செயலகத்தில் உத்தியோகத்தரை அப்படி அழைத்தால் வம்புதான். அதைத் திருத்த, பேசிப்பழக ஒரு சிங்கள அயலவர் வேண்டும். இந்தக் கரையில் அதற்குப் பஞ்சமில்லை. படிவம் நிரப்பும் எழுத்துச் சிங்களம் நாடகத்தில் வராது என்பதும் உண்மைதான். ஆனால் அரசியலமைப்புக்கு 1987இல் வந்த 13ஆவது திருத்தத்துக்குப் பிறகு தமிழும் அரச கரும மொழி. படிவத்தைத் தமிழில் கேட்பது நம் உரிமை, அயலவரோடு பேசுவதற்காக அதை விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை.

தமிழே போய்விடாதா என்ற பயம் இங்கே நியாயமானது. நீர்கொழும்புக்கும் சிலாபத்துக்கும் இடையில் கத்தோலிக்க மீனவக் குடும்பங்கள் பல, சில தலைமுறைகளுக்குள் சிங்களத்துக்கு மாறிவிட்டன. ஆனால் அந்த மாற்றம் வீட்டுக்குத் தொலைக்காட்சி வருவதற்கு முன்பே நடந்து முடிந்தது. பள்ளிக்கூடத்துப் பயிற்றுமொழி மாறியதுதான் அங்கே பெரிய அடி. திரௌபதை அம்மன் கோயிலைச் சுற்றி வாழும் உடப்பு மக்கள், சிங்கள ஊர்கள் சூழ இருந்தும் தமிழை விடவில்லை. தமிழ்ப் பள்ளிக்கூடத்தைக் காப்பாற்றினால் டெலி நாடகத்தைக் கண்டு பயப்பட வேண்டாம்.

எனக்கிருக்கும் கவலை மறுபக்கத்தைப் பற்றியது. 2007 ஜூலைக்குப் பிறகு அரச சேவையில் சேர்ந்தவர்கள் இரண்டாவது அரச கரும மொழியிலும் தேர்ச்சி பெற வேண்டும். பரீட்சைக்குத் தமிழ் படிக்கும் சிங்கள உத்தியோகத்தர் பேச்சுத் தமிழை எங்கே கேட்பார்? சென்னைப் படத்தில் கேட்கும் தமிழ், கற்பிட்டித் தாய் பிள்ளைக்குக் காய்ச்சல் என்று சொல்லும் தமிழ் அல்ல. இந்தக் கரையின் பேச்சிலேயே ஒரு தமிழ்த் தொடர் எடுத்து, ரூபவாஹினி அதை இரவு நேரத்தில் சிங்கள வீடுகளுக்கும் காட்ட வேண்டும்.