சாவி இருந்தும் திறக்கலைன்னா

தொலைவில் இருக்கும் சர்வருக்குள் எஸ்எஸ்ஹெச் வழியாக நுழைய முடியலைன்னா, திரையில் வரும் கடைசி வரியே பாதி விடையைச் சொல்லிடும்.

‘டைம்ட் அவுட்’ வந்தா வாசல் வரை போய்ச் சேரவே இல்லை.
முகவரி தப்பு, இல்லைன்னா ஃபயர்வால் மறிக்குது.

‘ரெஃப்யூஸ்டு’ வந்தா வீடு இருக்கு, 22ஆம் போர்ட்டில் ஆள் இல்லை.
சர்வரில் எஸ்எஸ்ஹெச்டிங்கிற சேவை ஓடுதான்னு பார்க்கணும்.

‘பெர்மிஷன் டினைடு’ வந்தா நெட்வொர்க்கைத் திட்டிப் பயனில்லை.
வாசலுக்கு வந்தாச்சு, பயனர் பெயரோ சாவியோதான் சேரலை.

2019இல் புவிசார் குறியீடு பெற்ற பூட்டைச் செய்யும் திண்டுக்கல்காரர்களுக்கு இந்தச் சாவி விஷயத்தை விளக்கவே வேண்டாம்.
பொதுச் சாவி சர்வரில் மாட்டின பூட்டு மாதிரி.
தனிச் சாவி மடியில் முடிஞ்சு வைக்க வேண்டியது.
அந்தத் தனிச் சாவிக் கோப்பை மத்தவங்களும் படிக்கிற மாதிரி விட்டிருந்தா, சாவி சரியா இருந்தாலும் எஸ்எஸ்ஹெச் அதைத் தொடாது.
கோப்பின் அனுமதியை 600 ஆக்கினா பெரும்பாலும் அதோட தீர்ந்துடும்.
இதைத் தேடித்தான் பலருக்கு ராத்திரி போகுது.

அப்பவும் புரியலைன்னா கட்டளையோடு ‘-வி’ சேர்த்தா, எந்தப் படியில் நின்னுச்சுன்னு தெரியும்.

சர்வரில் எதை மாத்தினாலும், திறந்திருக்கிற பழைய இணைப்பை உடனே மூடிடாதீங்க.
இன்னொரு ஜன்னலில் நுழைஞ்சு பார்த்துட்டு மூடுங்க.