உளமார

அமைச்சர்கள் பதவியேற்கும் நிகழ்ச்சியைத் தொலைக்காட்சியில் பார்க்காதவர் நம்மில் இருக்க முடியாது. தம் பெயரைச் சொல்லி, ‘எனும் நான்’ என்று தொடங்கி, ஒவ்வொருவராக உறுதிமொழி ஏற்கிறார்கள். சிலர் கடவுளின் பெயரால் ஆணையிடுகிறார்கள். சிலர் ‘உளமார உறுதி கூறுகிறேன்’ என்கிறார்கள். 2021 மே 7 அன்று மு. க. ஸ்டாலின் முதலமைச்சராகப் பதவியேற்றபோது சொன்னது இந்த இரண்டாவதைத்தான். அன்று எங்கள் பரவையில், பக்கத்து வீட்டுப் பெரியவர் ஒருவர், “சாமி பேரு இல்லாத சத்தியம் செல்லுமாய்யா?” என்று என்னிடம் கேட்டார். நான் அப்போது பள்ளி மாணவன். ‘செல்லும்’ என்று மட்டும் சொல்லத் தெரிந்தது. ஏன் செல்லும் என்று சொல்லத் தெரியவில்லை. அந்தக் கேள்விதான் என்னை இந்த ஒரு சொல்லின் பின்னால் இத்தனை நாள் அலைய விட்டிருக்கிறது. இயற்பியல் மாணவனுக்கு இலக்கணத்தில் என்ன வேலை என்று நண்பர்கள் கேலி செய்யலாம். செய்யட்டும்.

முதலில் ஒரு சிறு சிக்கலைத் தீர்த்துக்கொள்வோம். ‘உளமாற’ என்று வல்லின றகரம் இட்டு எழுதுகிறவர்கள் ஏராளம். சுவரொட்டிகளில் மட்டுமன்று, படித்தவர்கள் அச்சிடும் அழைப்பிதழ்களிலும் ‘மனமாற வாழ்த்துகிறோம்’ என்று காண்கிறோம். மனம் மாறி வாழ்த்துகிறார்கள் போலும்! ஆர்தல் என்றால் நிறைதல். உண்ணுதல், நுகர்தல் என்றும் பொருள் உண்டு. வயிறாரச் சாப்பிட்டான், கண்ணாரக் கண்டேன், வாயார வாழ்த்தினாள், மனமாரப் பாராட்டினார் என்னும் வழக்குகள் எல்லாம் இந்த ‘ஆர’ என்பதிலிருந்து பிறந்தவையே. உளமார என்றால் உள்ளம் நிறைய. எழுத்து ஒன்று மாறினால் ‘என் உள்ளம் மாறும்படி உறுதி கூறுகிறேன்’ என்றாகிவிடும். அரசியலில் அதுவும் பொருத்தம்தான் என்று சிரிப்பவர்கள் சிரிக்கட்டும். இம்மலரின் அச்சுப் பிழை திருத்தும் நண்பர்கள் மட்டும் இக்கட்டுரையில் எங்கும் றகரம் போட்டுவிடாமல் காக்க வேண்டுகிறேன்.

அரசியல் சாசனத்தின் மூன்றாவது அட்டவணையில் பதவிப் பிரமாணங்கள் வரிசையாகத் தரப்பட்டுள்ளன. குடியரசுத் தலைவருக்குரியது 60-ஆம் பிரிவில் இருக்கிறது. ஆங்கிலத்தில் ‘சாலம்லி அஃபர்ம்’ என்று இருப்பதுதான் தமிழில் ‘உளமார உறுதி’ ஆயிற்று. ‘சாலம்லி’ என்பதற்கு முறைப்படி, கம்பீரமாக, விளையாட்டின்றி என்று பொருள் கொள்ளலாம். அது நிற்கும் நிலையையும் முகத்தின் தோற்றத்தையும் சொல்லும் சொல். தமிழில் ஆக்கியவர் அதைவிட்டு உள்ளத்துக்குள் போய்விட்டார். மூலத்தைவிட மொழிபெயர்ப்பு அதிகம் கேட்கிறது என்பது என் எண்ணம். முகத்தை வைத்துக்கொள்வது எளிது. உள்ளத்தை நிறைப்பது எளிதா?

இன்னொன்றும் கண்டேன். நாட்டுப்புறத்தில் ‘கடவுளறியச் சொல்கிறேன்’, ‘ஆண்டவனறியச் சொல்கிறேன்’ என்பார்கள். ‘உளமாரச் சொல்கிறேன்’ என்பதும் ‘கடவுளறியச் சொல்கிறேன்’ என்பதும் இலக்கணத்தில் ஒரே அச்சில் வார்த்தவை. இரண்டும் ‘செய’ என்னும் வாய்பாட்டு எச்சங்கள். இரண்டும் ‘சொல்கிறேன்’ என்னும் வினையைத் தழுவி, எப்படிச் சொல்கிறேன் என்பதைக் காட்டுகின்றன. வேறுபாடு எழுவாயில்தான். ஒன்றில் அறிகிறவர் கடவுள். மற்றொன்றில் நிறைவது என் உள்ளம். ஆக, கடவுளை நம்புகிறவனும் நம்பாதவனும் சொல்லும் வாக்கியம் ஒன்றே. சாட்சி மட்டும் வேறு. வள்ளுவரும் வாய்மை அதிகாரத்தில் பொய்யனைச் சுடுவதற்கு எந்தத் தெய்வத்தையும் அழைக்கவில்லை. அவன் நெஞ்சையே அழைக்கிறார்.

இவ்வளவும் ஏட்டில் கண்டவை. ஆனால் இந்தச் சொல் எனக்கு ஏட்டோடு நின்றுவிடவில்லை.

என் சித்தப்பா பரவைக் காய்கறி மார்க்கெட்டில் ஒரு கமிஷன் மண்டியில் வேலை பார்த்தார். விடியற்காலை இரண்டு மணிக்குப் போனால் லாரிச் சரக்கு இறக்கி, எடை பார்த்து, சில்லறைக் கடைக்காரர்களிடம் வசூல் செய்து, முற்பகலில்தான் திரும்புவார். ஒருநாள் வசூல் பணத்தில் எட்டாயிரம் ரூபாய் குறைந்தது. சித்தப்பா எடுக்கவில்லை. இதை நான் பாசத்தால் சொல்லவில்லை. அந்த நாள்களில் எங்கள் வீட்டில் எட்டாயிரம் ரூபாய் ஒரு மூலையில் இருந்திருந்தால் அது எல்லோர் கண்ணிலும் பட்டிருக்கும். மண்டிக்காரர் காவல் நிலையத்துக்குப் போகவில்லை. “பதினெட்டாம்படிக் கருப்பு வாசலில் வந்து சத்தியம் செய், நான் விட்டுவிடுகிறேன்” என்றார்.

அழகர்கோயிலுக்குப் போனவர்களுக்கு அந்த வாசல் தெரியும். கருப்பணசாமிக்கு அங்கே உருவம் இல்லை. சந்தனம் பூசிய அடைத்த கதவுகளே தெய்வம். சுற்று வட்டாரத்து மக்கள், வழக்கு மன்றம் தீர்க்காத வழக்குகளைக்கூட அந்தக் கதவின் முன்னால் சத்தியம் செய்து தீர்த்துக்கொண்டது உண்டு. பொய்ச் சத்தியம் செய்தவனைக் கருப்பு விடமாட்டார் என்பது நம்பிக்கை.

சித்தப்பா உடனே சரி என்றார். தடுத்தது எங்கள் அப்பத்தா.

“அவன் எடுக்கலைல்ல? பெறகென்ன பயம்?” என்று அப்பா கேட்டார்.

“மெய்ச் சத்தியமும் ஆகாதுய்யா. காய்கறிக் காசுக்குக் கருப்பன வாசல்ல இழுத்து நிறுத்துறதா? அவரு என்ன நம்ம வீட்டு வேலைக்காரரா, கூப்பிட்டதும் வந்து சாட்சி சொல்ல?” என்றாள் அப்பத்தா. அவள் எழுதப் படிக்கத் தெரியாதவள். கருப்பணசாமி பெயரைச் சொல்லாமல் ஒரு நாளும் அடுப்புப் பற்றவைக்காதவள். தன் காதில் கிடந்த தோட்டை அடகு வைத்து எட்டாயிரத்தைக் கட்டினாள். சத்தியம் செய்ய மறுத்து, பணத்தையும் கட்டினால் ஊர் என்ன சொல்லும்? ‘எடுத்தவன்தான், அதனால்தான் வரவில்லை’ என்று சொல்லிற்று. சித்தப்பாவின் வேலை போயிற்று.

நெடுநாள் அப்பத்தாவின் செயலை வெறும் மூடநம்பிக்கை என்றே எண்ணியிருந்தேன். இந்தச் சொல்லின் வரலாற்றைத் தேடிப் படித்தபோதுதான், அவளைப் போன்றவர்கள் இங்கிலாந்திலும் இருந்தார்கள் என்று அறிந்தேன். கடவுள் பெயரின்றி உறுதி கூறும் உரிமையை முதலில் கேட்டவர்கள் நாத்திகர்கள் அல்லர்! குவேக்கர்கள் என்னும் கிறித்தவப் பிரிவினர். ஆணையிடுவதே கூடாது என்று இயேசுநாதர் மலைப்பிரசங்கத்தில் சொன்னதை அவர்கள் அப்படியே எடுத்துக்கொண்டார்கள். என்றும் உண்மையே பேச வேண்டியவன், இன்று மட்டும் உண்மை பேசுவதாகக் கடவுளைச் சாட்சிக்கு அழைப்பது ஏன் என்பது அவர்கள் கேள்வி. இதற்காகச் சிறைக்கும் போனார்கள். 1695-ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களுக்கு ஆணைக்குப் பதிலாக உறுதிமொழி கூற இடம் தந்தது. அந்த உறுதிமொழியிலும் கடவுளின் சந்நிதியில் என்னும் தொடர் ஒட்டிக்கொண்டிருந்தது. அதையும் நீக்க 1722 வரை ஆயிற்று.

நாத்திகர்கள் அந்தக் கதவைத் தட்டியது பின்னால்தான். சார்லஸ் பிராட்லா 1880-இல் நார்தாம்ப்டன் தொகுதியிலிருந்து நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். கடவுள் பெயரால் ஆணையிடாமல் உறுதி கூறவே விரும்பினார். இருக்கை மறுக்கப்பட்டது. மீண்டும் மீண்டும் தேர்தலில் வென்றும் 1886-இல்தான் தடையின்றி உள்ளே அமர முடிந்தது. 1888-இல் வந்த ஆணைச் சட்டம், மத நம்பிக்கை இல்லை என்றோ, ஆணையிடுவது தம் மத நம்பிக்கைக்கு முரண் என்றோ சொல்லும் எவரும் உறுதிமொழி கூறலாம் என்றாக்கியது. அதே காலத்தில் சென்னையில் ‘தத்துவ விவேசினி’ என்னும் இதழ் 1882 முதல் 1888 வரை பிராட்லாவின் கருத்துகளைத் தமிழில் பரப்பிக்கொண்டிருந்தது என்பது நம்மவர் பெருமைப்பட வேண்டிய செய்தி. 1889-இல் பம்பாயில் கூடிய காங்கிரஸ் மாநாட்டுக்கும் பிராட்லா வந்திருந்தார்.

நம் நாட்டு நீதிமன்றங்களின் கதை வேறு. இந்துக்கள் கங்கை நீரைத் தொட்டும் முசுலிம்கள் குர்ஆனைத் தொட்டும் சத்தியம் செய்த வழக்கத்தை 1840-ஆம் ஆண்டின் 5-ஆவது சட்டம் மாற்றி, எல்லாம் வல்ல கடவுளின் முன்னிலையில் உறுதி கூறச் செய்தது. 1873-ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒரு விந்தை இருந்தது. எதிராளி இன்ன முறையில் சத்தியம் செய்தால் அதற்குக் கட்டுப்படுகிறேன் என்று ஒரு தரப்பார் சொன்னால், நீதிமன்றமே அந்தச் சிறப்புச் சத்தியத்துக்கு இடம் கொடுக்கலாம். மண்டிக்காரர் கேட்டதும் ஏறக்குறைய இதுதானே! 1969-ஆம் ஆண்டின் ஆணைச் சட்டத்தில் அந்த ஏற்பாடு இல்லை. இப்போது சாட்சிக் கூண்டில் ஏறுகிறவர் கடவுள் பெயரால் ஆணையிடலாம். அல்லது கடவுள் பெயரின்றி உறுதி கூறலாம். இரண்டுக்கும் எடை ஒன்றே. பெரியவரின் கேள்விக்கு விடை இதுதான்: செல்லும் ஐயா, சல்லிக்காசு குறையாமல் செல்லும்.

அரசியல் நிர்ணய சபையிலும் இந்த வாதம் நடந்தது. 1949 அக்டோபர் 17 அன்று எச். வி. காமத், அரசியல் சாசனத்தின் முகப்புரை கடவுளின் பெயரால் தொடங்க வேண்டும் என்று ஒரு திருத்தம் கொண்டுவந்தார். அசாமைச் சேர்ந்த ரோகிணி குமார் சௌத்ரி எழுந்து, சக்தியை வழிபடும் எங்களுக்குக் கடவுள் என்று ஆண்பாலில் சொன்னால் போதுமா, தேவியின் பெயரால் என்று போட வேண்டாமா என்னும் பொருள்படக் கேட்டார். மீனாட்சியை முன்வைத்தே சொக்கரைச் சொல்லிப் பழகிய மதுரைக்காரர் எவரும் அவர் பக்கம்தான் நின்றிருப்பார்! கடவுளை வாக்கெடுப்புக்கு விட்டுச் சங்கடப்படுத்தாதீர்கள் என்று பூர்ணிமா பானர்ஜி வேண்டினார். காமத் கேட்கவில்லை. திருத்தத்துக்கு ஆதரவாக 41, எதிராக 68. முகப்புரையில் கடவுள் இடம்பெறவில்லை. எதிர்த்த 68 பேரும் நாத்திகர்கள் என்று எண்ணிவிடக் கூடாது. நம்பிக்கையை ஒருவர்மேல் ஏற்றக் கூடாது என்று கருதிய ஆத்திகர்களும் அவர்களில் இருந்தார்கள்.

பூர்ணிமா பானர்ஜி சொன்னதும் என் அப்பத்தா சொன்னதும் எனக்கு ஒரே குரலாகக் கேட்கின்றன. அலகாபாத்தின் படித்த பெண்மணிக்கும் பரவையில் வெங்காயம் உரித்துக் கூலி வாங்கிய கிழவிக்கும் என்ன உறவு? தெய்வத்தை நம் காரியத்துக்கு இழுக்காதே என்னும் கூச்சம் இருவருக்கும் உண்டு.

ஆனாலும் அப்பத்தாவோடு நான் முழுதும் உடன்பட முடியவில்லை. குவேக்கர்களுக்கு ஆணையை மறுத்தபின் நிற்க ஒரு இடத்தைச் சட்டம் கொடுத்தது. மண்டி வாசலில் நின்ற என் சித்தப்பாவுக்கு அந்த இடம் இல்லை. ‘நான் எடுக்கவில்லை; உளமாரச் சொல்கிறேன்’ என்றுதான் அவரும் தம் மொழியில் திரும்பத் திரும்பச் சொன்னார். “மனசாரச் சொல்றேண்ணே, எடுக்கலை.” அமைச்சர் சொன்னால் ஆட்சி செய்யப் போதுமான அதே சொல், மூட்டை தூக்குகிறவன் சொன்னபோது எட்டாயிரம் ரூபாய்க்குப் போதவில்லை. சட்டத்தில் இரண்டு உறுதிமொழிக்கும் எடை ஒன்று என்று மேலே எழுதினேன். தராசு யார் கையில் இருக்கிறது என்பதையும் சேர்த்து எழுதியிருக்க வேண்டும்.

நான் கல்லூரியில் சேர்ந்தபின், முதல் பட்டதாரிச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்க வேண்டியிருந்தது. குடும்பத்தில் இதற்கு முன் எவரும் பட்டம் பெறவில்லை என்று ஓர் உறுதிமொழிப் படிவம். அப்பா கையெழுத்திடப் பேனாவைத் திறந்தபோது, “யாரு மேல சத்தியம் அது?” என்று திண்ணையிலிருந்து அப்பத்தா கேட்டாள். “யாரு மேலயும் இல்லை, அப்பத்தா. நாமளே சொல்றதுதான்” என்றேன். “அப்பச் சரி, போடு” என்றாள்.

சித்தப்பா பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். “உங்க அப்பத்தா சாமியக் காப்பாத்திருச்சுடா. என்னையத்தான் விட்ருச்சு” என்று சிரித்தார். அப்பத்தாவும் சிரித்தாள், தோடு இன்னும் மீளவில்லை. அவர் இப்போது மாட்டுத்தாவணி மார்க்கெட்டுக்குப் போய் மூட்டை தூக்குகிறார். இரவு ஒரு மணிக்கே சைக்கிளை எடுக்க வேண்டும். பரவை மார்க்கெட் வழியாகப் போனால் பாதை நேர். அவர் சுற்றித்தான் போகிறார்.