இலங்கை காணாத புத்தர்

தமக்கையின் மகன் கல்லூரி விடுமுறைக்கு வந்திருந்தான். ஒருநாள் மாலை உட்துறைமுக வீதியில் உலாவித் திரும்பியபின், அவனது கணினியில் 1928-ஆம் ஆண்டின் ஊமைப் படமாகிய ‘ஷிராஸ்’ஸை இருவரும் பார்த்தோம். பிரித்தானியத் திரைப்படக் கழகத்தார் செப்பனிட்டு, அனுஷ்கா சங்கரின் இசையுடன் 2017-இல் வெளியிட்ட பிரதி அது. தாஜ்மகாலை அமைக்கும் சிற்பியாக ஹிமான்சு ராய் நடித்திருந்தார். முடிந்ததும், “மாமா, இது இந்தியப் படமா, ஜேர்மன் படமா?” என்று கேட்டான். உடனே விடை கூற என்னால் இயலவில்லை.

ராய் 1892-இல் கட்டாக் நகரிற் பிறந்த வங்காளி. இலண்டனுக்குச் சட்டம் பயிலச் சென்றவரை நாடகமேடை பற்றிக்கொண்டது. விபின் சந்திர பாலரின் மைந்தர் நிரஞ்சன் பால் எழுதிய நாடகத்தில் நடித்தார். அந்த நட்பே பின்னர் திரைக்கதையாக மலர்ந்தது. புத்தர் சரிதத்தைப் பால் எழுத, ராய் அதனை எடுத்துக்கொண்டு ஜேர்மனியின் மியூனிச் நகரை அடைந்து, எமெல்கா கம்பெனியாரை இணங்கச் செய்தார். டைரக்டரும் படப்பிடிப்பாளரும் கருவிகளும் அவர்களுடையவை. இந்தியச் செலவுக்குப் பணமும் நடிகர்களும் ராய் தரப்பினுடையவை. டைரக்டர் பிரான்ஸ் ஒஸ்டன், படப்பிடிப்பாளருள் ஒருவர் ஜோசப் விர்சிங். செயற்கை விளக்கோ, பூசிய ஒப்பனையோ இன்றி வெயிலிலேயே எடுத்தார்கள். ‘பிரேம் சன்யாஸ்’ என்னும் அப்படம் 1925-இல் வெளியாயிற்று. புத்தராக நடித்தவர் ராயே.

ஊமைப் படத்துக்கு ஏது தாய்மொழி? வாயசைவுக்குப் பின் வரும் எழுத்துகளை மாற்றினாற் போதும். மியூனிச்சிலும் இலண்டனிலும் அதே வங்காளி அந்தந்த நாட்டு மொழியிற் பேசுவார். 1926-இல் விண்ட்சர் மாளிகையில் ஐந்தாம் ஜோர்ஜ் மன்னரும் அதனைக் கண்டார். ஆனால் அம்மன்னரின் ஆட்சிக்குட்பட்ட இலங்கையில் அப்படம் தடைசெய்யப்பட்டது; மலாய் நாடுகளிலும் அவ்வாறே. புத்தபெருமானாக ஒரு மனிதன் வேடம் புனைவதைப் பௌத்தர் ஏற்கமாட்டார்கள் என்பதே எதிர்ப்பின் கருத்து. நமது கூத்துக்களரியில் இராமராக வருபவரைக் கைகூப்பி வணங்கும் மூதாட்டிகளைக் கண்டவன் நான். எனக்கு அத்தடை விசித்திரமாகத் தோன்றியதுண்டு. ஆயினும் பிறர் பக்தியை நம் படியால் அளப்பது முறையன்று. புத்தர் போற்றப்படும் தீவில் அந்தப் புத்தரைக் காணும் பேறு அக்காலத்தாருக்குக் கிட்டவில்லை என்பது மட்டும் மெய்.

புத்தர், சிற்பி என்று நடித்தவர் 1929-இல் ‘பிரபஞ்ச பாஷ்’ படத்திற் சூதாடும் கொடிய அரசனானார். தம்மைத் தூக்கியெறிந்து பார்க்கும் இந்தத் துணிவு நடிகரிடம் அரிது. அடுத்துப் பேசும் படம் வந்தது. மொழிகள் மறுபடி வேலியிட்டன. ராய் தம் மனைவி தேவிகா ராணியுடன் 1934-இல் ‘பொம்பே டாக்கீஸ்’ஸை நிறுவி, ஒஸ்டனையும் விர்சிங்கையும் மாலாட் ஸ்டூடியோவுக்கே அழைத்துக்கொண்டார். தீண்டாமையைக் கண்டித்த ‘அச்சூத் கன்யா’ 1936-இல் அங்கேதான் உருவாயிற்று, கதை பாலுடையது. அதை இயக்கிய ஒஸ்டன் அதே ஆண்டில் நாஜிக் கட்சியிற் சேர்ந்தார் என்பதை மறைக்கலாகாது. மனிதர் அவ்வளவு நேர்கோடாக இருப்பதில்லை.

1939-இல் யுத்தம் மூண்டதும் பிரித்தானிய அரசு இருவரையும் எதிரி நாட்டினரெனத் தடுத்துவைத்தது. வலக்கையும் இடக்கையும் போனபின் ராய் நெடுநாள் வாழவில்லை. 1940 மே மாதம் காலமானார். அவ்யுத்தம் நமது துறைமுகத்துக்கும் 1942 ஏப்ரல் 9-ஆம் நாள் யப்பானிய விமானங்களாக வந்தது. அன்று ஊரைவிட்டு ஓடியவர்களின் கதையைக் கேட்டே நாங்கள் வளர்ந்தோம்.

ஒஸ்டன் ஜேர்மனி திரும்பி, 1956-இல் மறைந்தார். விர்சிங் பம்பாயிலேயே தங்கிவிட்டார். ‘மஹல்’ படத்தின் இருளும் நிழலும் அவர் கைவண்ணம். ‘பாக்கீசா’ முடியுமுன், 1967-இல் அங்கேயே கண்மூடினார்.

“அப்படியானால் விர்சிங் எந்த நாட்டுக்காரர்?” என்றான் மருமகன். பதிலுக்குக் காத்திராமல் ‘பிரேம் சன்யாஸ்’ஸைத் தேடியெடுத்தான். உல்லாசப் பயணிகளுக்கு ஒரு முதியவர் புத்தர் கதையைச் சொல்லத் தொடங்கினார். தமக்கை இருமுறை சாப்பிட அழைத்தும் நாங்கள் எழவில்லை.