கனவூரின் கலைச்சட்டம்

உறக்கத்தில் வரும் கனவு விடிந்தால் மறையும். விழித்திருக்கும் அறிஞர் காணும் கனவோ நூற்றாண்டுகள் கடந்தும் நிலைத்து நிற்கும். கிரேக்க ஞானியாகிய பிளேட்டோ கண்ட நகரம் இவ்விரண்டாம் வகையைச் சேர்ந்தது. அது மண்ணில் எழுந்த நகரமன்று. சொல்லால் எழுப்பிய நகரம். 'குடியரசு' என்னும் நூலின் நான்காம் பகுதியில், நீதியின் இயல்பைக் கண்டடைந்த சாக்ரடீஸ், தம் கனவு நிறைவேறிற்று என்று தாமே கூறுகின்றார். அக்கனவூரில் கலைக்கு வகுத்த சட்டத்தையே ஈண்டு ஆராயப் புகுந்தோம். மாணாக்கர் எந்நூலைப் பயில்வது, எந்நாடகத்தை மேடையேற்றுவது என்று ஆண்டுதோறும் முடிவு செய்யும் கடமை ஆசிரியராகிய நமக்கு உண்டு. ஆதலின் அச்சட்டம் நமக்கு வெறும் பழங்கதையன்று.

முதலில் அதன் விதிகளைக் காண்போம். தெய்வங்களைப் பொய்யராகவும் தீயராகவும் காட்டும் கதைகள் சிறுவர் செவியில் விழலாகாது. பெருவீரர் அழுது புரள்வதாகப் பாடும் பகுதிகள், ஹோமரின் காவியத்திலிருந்தும் நீக்கத் தக்கன. இசைமுறைகளில் வீரத்திற்கும் அடக்கத்திற்கும் உரிய டோரியமும் பிரிஜியமும் நிற்கும். புலம்பலுக்கும் களியாட்டத்திற்கும் உரியவை விலகும். யாழினக் கருவிகள் நகரில் இருக்கலாம்; ஆயர் வயல்வெளியில் தம் குழலை ஊதிக்கொள்ளலாம். எவ்வேடமும் ஏற்கவல்ல கவிஞன் ஒருவன் வருவானாயின், அவனை வணங்கி, தலையில் நறுந்தைலம் வார்த்து, கம்பளி மாலை சூட்டி, வேறோர் ஊருக்கு அனுப்பிவிடல் வேண்டும். பத்தாம் பகுதியில், தெய்வத் துதியும் நல்லோர் புகழுமே எஞ்சுகின்றன.

பிளேட்டோ முதுமையில் இயற்றிய 'சட்டங்கள்' என்னும் நூல் இன்னும் கடுமையானது. நடுவரும் சட்டக் காவலரும் பார்த்து ஒப்புமுன், கவிஞன் தன் பாட்டைத் தனி மனிதர் எவருக்கும் காட்டலாகாது. விழாக்களில் பாடும் புகழ்ப்பாக்களை இயற்றுவோர் 50 வயதிற்குக் குறையாதவராயும், நற்செயல் புரிந்தவராயும் இருத்தல் வேண்டும்.

இவற்றைக் கேட்டு நகைத்தல் எளிது. நகைத்தபின் சிந்தித்தல் அரிது. பிளேட்டோ கலையைச் சிறிதென்று எண்ணி விலக்கினாரல்லர். பெரிதென்று அறிந்தே அஞ்சினார். பாட்டு அறிவின் வாயிலில் நின்று அனுமதி கேட்பதில்லை. நேரே உள்ளத்துட் புகுந்து அமர்கின்றது. தாவீதின் சுரமண்டல ஒலியால் சவுல் மன்னனின் கலக்கம் தணிந்ததை வேதாகமத்தில் படிக்கின்றோம். ஆற்றும் வல்லமை உடையதற்கு அலைக்கும் வல்லமையும் உண்டன்றோ? மேலும், கி.மு. 423-ல் அரிஸ்டாபனீஸ் 'மேகங்கள்' என்னும் நாடகத்தில் சாக்ரடீஸை நகைப்பொருளாக்கினார். கி.மு. 399-ல் ஏதென்ஸ் அவருக்கு நஞ்சளித்தது. மேடையில் எழுந்த சிரிப்பு மக்கள் மனத்தில் எவ்வளவு காலம் தங்கும் என்பதைப் பிளேட்டோ அறிந்திருந்தார்.

கலையைத் தண்டித்தவர் கனவூரார் மட்டுமல்லர். கி.மு. 494-ல் பாரசீகர் மிலேட்டஸ் நகரை அழித்தனர். அவ்வீழ்ச்சியைப் பிரினிக்கஸ் என்னும் புலவர் நாடகமாக்கினார். கண்ட ஏதென்ஸ் மக்கள் கதறியழுதனர். பின், தம் இனத்தார் துயரை நினைவூட்டினாரென்று அவருக்கு 1,000 திராக்மா தண்டம் விதித்து, அந்நாடகத்தை இனி எவரும் நடிக்கலாகாதென்று தடுத்தனர். தமக்குத் தாமே காட்ட விரும்பாத கண்ணீரைக் காட்டியதே அப்புலவரின் குற்றம்!

பிளேட்டோவின் மாணாக்கர் அரிஸ்டாட்டில் இதற்கு வேறு விடை கண்டார். துன்ப நாடகம் எழுப்பும் இரக்கமும் அச்சமும் உள்ளத்தைக் கெடுப்பனவல்ல; அவ்வுணர்ச்சிகளையே தூய்மை செய்வன என்பது அவர் கொள்கை. ஆயினும் இதனினும் வலிய விடையைப் பிளேட்டோவே எழுதி வைத்தார் என்பது நம் கருத்து.

'பீடோ' என்னும் நூல் சாக்ரடீஸின் இறுதி நாளைக் கூறுவது. வாழ்நாள் முழுவதும் ஒரே கனவு பல வடிவில் வந்து, இசையை இயற்றுக என்று தம்மை ஏவியதாக அவர் சிறையில் உரைக்கின்றார். மெய்ஞ்ஞானமே உயர்ந்த இசையென்று அதுகாறும் கொண்டிருந்தவர், சாவு நெருங்கிய நாட்களில், கனவு கூறியது மக்கள் வழங்கும் பாட்டாகவும் இருக்கலாமென்று எண்ணினார். அப்பொல்லோ தேவனுக்குத் துதி பாடினார். ஈசாப்பின் கதைகளைச் செய்யுளாக்கினார். பகலில் சட்டம் வகுத்த வாய்க்கு இரவில் வந்த கனவு இட்ட கட்டளை இது! நஞ்சுண்ணும் வேளையில் நண்பர் அழுகின்றனர். கிரீட்டோ கண்ணீரை அடக்கமாட்டாது எழுந்து செல்கின்றார். பீடோ முகத்தை மூடிக்கொண்டு விம்முகின்றார். சாக்ரடீஸ் அவர்களைக் கடிந்துகொள்வது மெய்யே. ஆயின் அக்கண்ணீரை எழுதியவர் யார்? வீரர் புலம்பலை நீக்கச் சொன்ன அதே கை. அப்பகுதியை வகுப்பில் படிக்குந்தோறும் நம் குரல் தழுதழுப்பதையும், மாணாக்கர் அசையாதிருப்பதையும் கண்டிருக்கின்றோம். எவருடைய உள்ளமும் அதனால் கெட்டதில்லை. சாவை நேர்நின்று நோக்கும் துணிவே பிறந்தது. கனவூரின் காவலர் முன் இந்நூல் வந்திருப்பின், இதுவும் தப்பியிராது.

ஆதலின் கலைக்குக் காவலே வேண்டாமென்று முடித்தல் பொருந்துமோ? பொருந்தாது. இளைஞர் கையில் எதையும் கொடுக்கலாம் என்பவர் கலையின் வலிமையை நம்பாதவர். ஆனால் காவலுக்கும் ஒரு விதி வேண்டும். அவ்விதியும் பிளேட்டோவிடமே உள்ளது. கவிதையோ, அதன் அன்பரோ, அதனால் இன்பமேயன்றிப் பயனும் உண்டென்று காட்டுவாராயின், மகிழ்ந்து ஏற்போமென்று 'குடியரசின்' பத்தாம் பகுதியில் கதவைத் திறந்து வைத்தார். எனவே, மாணாக்கர் ஒரு நாடகத்தைக் கொணர்ந்தால், அதனை முற்றும் படியாது மறுத்தல் நமக்குத் தகாது. அது ஏன் வேண்டுமென அவர் கூறுவதைக் கேட்டல் வேண்டும். மறுப்பின், காரணத்தை அவர் முகம் நோக்கிக் கூறல் வேண்டும். பின்னர் நம் கருத்து மாறின், அதே நாடகத்திற்கு நாமே முன்வரிசையில் சென்று அமர்தல் வேண்டும்.