காலி டேங்க்கை நம்பாதீர்கள்

கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கரையேறிப் பழுதுபார்க்கப்படும் 61 நாள். அப்போது டேங்க்கிலிருந்து டீசல் இறக்குவதை நாம் எடுபிடி வேலையாகவே நினைக்கிறோம். டியூபை விட்டு, வாயால் உறிஞ்சி, கேனில் பிடித்துவிட்டு, உடனே வெல்டிங்குக்கு ஆள் கூப்பிடுகிறோம். ஆபத்து அங்கேதான் தொடங்குகிறது. பற்றிக்கொள்வது எண்ணெயின் ஆவிதான். நிறைந்த டேங்க்கில் ஆவியும் காற்றும் கலக்க இடம் குறைவு. காலி டேங்க்கில் தாராளமாக இருக்கிறது.

"டீசல் பெட்ரோல் மாதிரி பற்றாதே" என்பார்கள். சாதாரண வெப்பத்தில் அது சரிதான். ஆனால் வெல்டிங் சூட்டில் தகட்டின் உட்புறம் ஒட்டிய எண்ணெய்ப் படலமும் அடியில் தங்கிய கசடும் ஆவியாகும். பற்றவைக்கத் தீப்பொறியும் பக்கத்திலேயே இருக்கிறது. அதனால் இறக்கிய பிறகு கசடை வழித்து, சோப்பு கலந்த வெந்நீரில் கழுவி, உள்ளே ஆவி இல்லையென்று கருவி வைத்துப் பார்த்த பிறகே நெருப்பு வேலை. முகர்ந்து பார்ப்பது சோதனை ஆகாது. "காலங்காலமாக வாயால்தானே உறிஞ்சுகிறோம்" என்பதும் தப்பு வாதம். புரையேறி ஒரு மடக்கு நுரையீரலுக்குள் போனாலே கடும் அழற்சி வரலாம். அப்போது வாந்தி எடுக்க வைக்காமல் மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். ஒரு கைப்பம்பு வாங்க, விசைப்படகின் ஒருநாள் டீசல் செலவுகூட ஆகாது. சங்கத்துக்கு ஒன்று வாங்கி வைத்தாலே துறைமுகம் முழுக்கப் பயன்படும்.